பிரியாணிக் கிழமையும் மஞ்சள் கோடும்

எங்கள் ஆலையில், தூசி புகக் கூடாத கிளீன் ரூமில் ஒரு மேசையைச் சுற்றித் தரையில் மஞ்சள் டேப்பால் ஒரு கோடு ஒட்டியிருக்கும். புதிதாக வேலைக்குச் சேருகிறவர்கள் அதைப் பார்த்ததும் குரலைத் தாழ்த்திக்கொண்டு கேட்பார்கள்: "அண்ணே, அந்தப் பக்கம் போனா ரேடியேஷனா?" நான் வேலையில் இருந்தவரை ஆளுக்கொரு பதில் சொல்லி வந்தேன். கோட்டைத் தாண்டினால் முடி கொட்டும் என்று ஒருவனிடம் சொன்னேன். அவன் என் தலையை ஒருமுறை பார்த்துவிட்டு அப்படியே நம்பிவிட்டான்.

விருப்ப ஓய்வு வாங்கிக்கொண்டு வீட்டுக்கு வந்த பிறகும் போன் போட்டுக் கேட்கிறார்கள். அந்த மேசைக்குப் பதிலாகக் கண்ணாடிப் பெட்டிக்குள் தானே வேலை செய்துகொள்ளும் இயந்திரம் வரப்போகிறதாம். கோட்டை உரித்துவிடலாமா என்று ஒரு பேச்சு. அது ஏன் ஒரு பக்கம் மட்டும் கோணலாக இருக்கிறது, ஒட்டியவன் யார் என்று இன்னொரு கேள்வி. சரி, உரிப்பதற்கு முன்னால் ஒழுங்காக எழுதிவைத்துவிடுகிறேன். இதில் வீரம் எங்கே இருக்கிறது என்று என்னிடம் தேடாதீர்கள். கோடு விழுந்த அன்றைக்கு முழுக்க நான் பயந்துகொண்டுதான் இருந்தேன்.

நான் குன்றத்தூர்க்காரன். பெயர் தாமோதரன். வாய் ஓயாது என்பதால் லைனில் 'ரேடியோ தாமு'. பயம் வந்தால் சிலருக்கு வியர்க்கும், சிலருக்குத் தொண்டை அடைக்கும். எனக்கு ஜோக் வரும். அதிகமாக ஜோக் அடிக்கிறேன் என்றால் நான் அதிகமாக நடுங்குகிறேன் என்று அர்த்தம். இது தெரியாமல் என்னைத் தைரியசாலி என்று நினைத்தவர்கள் ஸ்ரீபெரும்புதூரிலிருந்து ஒரகடம் வரை இருக்கிறார்கள்.

முதலில் செல்போன் சார்ஜர் செய்யும் கம்பெனி. பிறகு வண்டிகளுக்கு ஒயர் கட்டும் கம்பெனி. மூன்றாவதாகத்தான் இந்த ஒளி வேலை. என்ன வேலை என்று வீட்டில் கேட்டபோது, "பசை ஒட்டுற வேலை" என்றேன். "அதுக்கா ஸ்பேஸ்காரன் மாதிரி டிரஸ் போட்டுக்கினு போற?" என்றாள் என் மனைவி.

ஆனால் உண்மையிலேயே பசை ஒட்டுகிற வேலைதான். உலகத்தில் எங்கெங்கோ பெரிய கட்டடங்களில் கம்ப்யூட்டர்கள் வரிசை வரிசையாக நின்று ஒன்றோடொன்று பேசிக்கொண்டே இருக்கின்றன. இந்தப் பேச்சையெல்லாம் வாங்கி, போக வேண்டிய இடத்துக்குத் திருப்பிவிடும் பெரிய சிப் ஒன்று உண்டு. போக்குவரத்து போலீஸ் என்று வைத்துக்கொள்ளுங்கள். செம்புக் கம்பியில் வேகம் கூடக் கூட சூடும் கூடும், சேதியும் வழியிலேயே தேய்ந்துபோகும். அதனால் ஒளியையே அந்தச் சிப்பின் வாசல்வரை கொண்டுவந்துவிடலாம் என்று படித்தவர்கள் முடிவு செய்தார்கள். நடுவில் பெரிய சிப், அதே தட்டில் அதற்குப் பக்கத்தில் ஒளியை மின்சாரமாகவும் மின்சாரத்தை ஒளியாகவும் மாற்றும் குட்டிச் சிப். அந்தக் குட்டிச் சிப்பின் விளிம்பில் கண்ணாடி இழைகளை வரிசையாகச் சேர்த்த ஒரு கற்றையை ஒட்ட வேண்டும். அந்த வேலைதான் எங்களுடையது.

இழை தலைமுடி மாதிரி இருக்கும். அதற்குள் ஒளி ஓடுகிற பாதையோ முடியைவிடப் பல மடங்கு மெல்லியது. அந்தப் பாதையையும் சிப்பின் பாதையையும் நேருக்கு நேர் நிறுத்த வேண்டும். கண்ணுக்குத் தெரியாத தூசியின் அகலத்துக்கு நகர்ந்தாலும் ஒளி வெளியே சிந்திவிடும். சிந்துவதும் கண்ணுக்குத் தெரியாது, ஏனென்றால் அந்த ஒளியே கண்ணுக்குத் தெரியாத ஒளி.

கண்ணுக்குத் தெரியாத ஒளி என்று பயிற்சியில் சொன்ன அன்றே எனக்குப் பயம் பிடித்துக்கொண்டது. அந்த வாரமே இழையின் நுனியை ஒருமுறை நேராகப் பார்த்துத் தொலைத்தேன். அந்த ஒளியைத் தரும் லேசர் ஓடிக்கொண்டிருந்ததா, தெரியாது. அதுதான் பயமே. வீட்டுக்குப் போகும்போது பஸ் போர்டை இடது கண்ணால் ஒருமுறை, வலது கண்ணால் ஒருமுறை வாசித்துப் பார்த்தேன். ஒவ்வொரு நிறுத்தத்திலும் இதையே செய்தேன். எதிர் சீட்டில் இருந்த அம்மாள், "யாரைப் பாத்துய்யா கண்ணடிக்கிற?" என்று எழுந்து நின்றுவிட்டார். கண்ணும் போச்சு, மானமும் போச்சு என்று மறுநாள் கிரேஸ் மேடத்திடம் போய் நின்றேன்.

கிரேஸ் மேடம் எங்கள் பிராசஸ் எஞ்சினியர். மண்ணூர்க்காரர், என்னைவிட வயதில் சிறியவர். குரலை உயர்த்தி நான் கேட்டதே இல்லை. யார் எந்தப் புகாரோடு போனாலும் ஒரே கேள்விதான்.

"பாத்தீங்களா, நினைச்சீங்களா?"

"மேடம்?"

"லேசர் ஆன்ல இருந்ததை பாத்தீங்களா, இல்ல ஆன்ல இருந்திருக்கும்னு நினைச்சீங்களா?"

"நினைச்சேன் மேடம். ராத்திரிலாம் அதையேதான் நினைச்சேன்."

அவர் கோட்டுப் பையிலிருந்து ஒரு சாவியை எடுத்து மேசைமேல் வைத்தார். அந்த லேசரைத் திறக்கும் சாவி. நான் இழையைப் பார்த்த நேரம் முழுக்க அது அவர் பையில் இருந்திருக்கிறது. ஆனாலும் விடவில்லை. "நானும் சாவியைத்தான் பாத்தேன், உங்க கண்ணை பாக்கல" என்று கண் டாக்டரிடம் அனுப்பிவைத்தார். டாக்டர் சோதித்துவிட்டு வெள்ளெழுத்து என்றார். எனக்குக் கண்ணாடி வந்த கதை இதுதான்.

அன்றிலிருந்து லைனில் எல்லோருக்கும் அது பழகிவிட்டது. மேடத்திடம் பேசினால் முதல் சொல் 'பார்த்தேன்' அல்லது 'நினைக்கிறேன்'. இரண்டும் இல்லாமல் ஆரம்பித்தால் அவர் பேனாவை மூடி வைத்துவிட்டுக் காத்திருப்பார். அந்த அமைதியை ஒருமுறை அனுபவித்தவன் மறுமுறை தப்பு செய்ய மாட்டான்.

இனி அந்த மேசை. இழைக் கற்றையை ஒட்டும் மேசை எங்களிடம் ஒன்றுதான் இருந்தது, அதன் ஆபரேட்டரும் ஒருத்திதான். இசக்கியம்மாள், எல்லோருக்கும் இசக்கி. திசையன்விளைப் பக்கத்துப் பெண், சேரப்பணஞ்சேரியில் ஹாஸ்டலில் தங்கி வந்துகொண்டிருந்தாள். கான்ட்ராக்ட் ஆள். நிரந்தரம் ஆக்கப்போகிறார்கள் என்று பேச்சு ஓடிக்கொண்டிருந்தது.

அவள் வேலை செய்வதைச் சொல்கிறேன். முதலில் கற்றையின் முகத்தைத் துடைப்பாள், உருப்பெருக்கியில் பார்ப்பாள். பிறகு இன்னொரு தடவை துடைத்து, இன்னொரு தடவை பார்ப்பாள். கிரிப்பர் என்ற சின்ன இயந்திரப் பிடியில் அதைக் கொடுப்பாள். அதற்குமேல் கை படாது. மோட்டார்தான் நகர்த்தும், அவள் குமிழைத் திருப்பித் திரையில் ஒரு எண்ணைப் பார்த்துக்கொண்டிருப்பாள். எவ்வளவு ஒளி வீணாகிறது என்று காட்டும் எண் அது. நாங்கள் 'லாஸ்' என்போம். லாஸ் குறையக் குறைய நல்லது. அடிமட்டத்துக்கு வந்ததும் அங்கேயே நிறுத்தி, ஊசிமுனையால் ஒரு பொட்டு பசை. மறுபடி லாஸைச் சரிபார்த்துவிட்டு, பசையை இறுக்குகிற ஊதா விளக்கைப் போடுவாள். விளக்கு எரியும்போது அறையில் யாரும் நடக்கக் கூடாது, பேசக் கூடாது. எனக்கு அதுதான் நாளின் கஷ்டமான பகுதி.

பசை இறுகிவிட்டால் இறுகியதுதான். தப்பாக ஒட்டினால் பிரிக்க முடியாது. பக்கத்தில் உட்கார்ந்திருக்கும் பெரிய சிப்பும் சேர்ந்து குப்பை. அந்தச் சிப்பின் விலையை எங்களிடம் சொல்லவில்லை. "தெரிஞ்சா நீங்க தொட மாட்டீங்க" என்றார் மேடம்.

பழகுவதற்கு டம்மி சிப் வைத்த தட்டுகள் நிறைய உண்டு. அவற்றை இசக்கி பூ கட்டுவதுபோல ஒட்டித் தள்ளுவாள், ஒன்றுகூடப் பழுது வராது. நிஜ சிப் வைத்த தட்டுகளை வாடிக்கையாளர் சோதனைக்காக நான்கு மட்டும் அனுப்பியிருந்தார். அவை சரியாக வந்தால் இந்த வேலை எங்கள் ஆலைக்கு. இல்லையென்றால் வேறு நாட்டுக்கு.

நிஜத் தட்டு மேசைக்கு வந்தால் எங்களிடம் ஒரு வழக்கம். யார் சொல்லியும் வந்ததில்லை. எல்லோரும் வந்து சுற்றி நிற்போம். தாலி கட்டுகிற நேரத்தில் மேடைமேல் ஏறி நிற்கிற உறவுக்கூட்டம் மாதிரி. பிளான்ட் ஹெட் பத்மநாபன் சார் நடுவில், குவாலிட்டிக்காரர்கள் இரண்டு பேர், மெயின்டனன்ஸ் ஆள், ஸ்டோரிலிருந்து தட்டைக் கொண்டுவந்தவர், லைன் லீடர் என்ற பெயரில் நான். மேசைக்கும் பின்சுவருக்கும் நடுவே இருக்கிற சந்தில் நெருக்கியடித்துக்கொண்டு, மூச்சைப் பிடித்துக்கொண்டு நிற்போம். பக்கத்தில் நிற்காவிட்டால் அக்கறை இல்லை என்று ஆகிவிடுமே.

முதல் தட்டு. லாஸ் அழகாக இறங்கியது. பசை வைத்தாள். எண் மெல்ல ஏற ஆரம்பித்தது. குமிழைத் திருப்பி இறக்கினாள், அது மறுபடி ஏறியது. ஒருவழியாகப் பிடித்து நிறுத்தி விளக்கைப் போட்டாள். விளக்கு எரிந்துகொண்டிருக்கும்போதே எங்கள் எல்லோர் கண்ணுக்கும் முன்னால் எண் ஏறிக்கொண்டே போய் நின்றது. பத்மநாபன் சார் தலையை மூடிய ஹூடுக்குள்ளிருந்து விட்ட மூச்சு எனக்குக் கேட்டது.

இரண்டாவது தட்டு நன்றாக வந்தது. எல்லோரும் அவள் முதுகைத் தட்டினோம். மூன்றாவது தட்டு முதல் தட்டு போலவே போனது. இப்போது ஸ்டோரில் ஒன்றுதான் பாக்கி.

அன்று பிற்பகல் கூட்டம். பத்மநாபன் சார் நல்ல மனிதர்தான். ஆனால் பதற்றம் வந்தால் யாரையாவது மாற்ற வேண்டும் அவருக்கு.

"அந்தப் பொண்ணுக்கு கை நடுங்குது. டம்மின்னா ஜாலியா ஒட்டுறா, நிஜம்னா நடுங்குறா. கான்ட்ராக்டருக்கு சொல்லி அனுப்பிடுங்க. கடைசி தட்டை எக்ஸ்பீரியன்ஸ் ஆள் ஒட்டட்டும். ரேடியோ, நீ உக்காரு."

கூட்டத்தில் எல்லோரும் என்னைத் திரும்பிப் பார்த்தார்கள். "சார், எனக்கு சாம்பார் ஊத்தும்போதே இலைக்கு வெளிய ஊத்தும்" என்றேன். யாரும் சிரிக்கவில்லை.

கிரேஸ் மேடம் பேனாவை மூடினார்.

"கை நடுங்கினதை பாத்தீங்களா சார், நினைச்சீங்களா?"

பிளான்ட் ஹெட்டிடம் அந்தக் கேள்வியை யாரும் கேட்டதில்லை.

"பாக்கணுமா கிரேஸ்? டம்மி நல்லா வருது, இது வரல. வேற என்ன மாறுது? ரூம் டெம்பரேச்சர் ரெக்கார்ட் நீங்களே காட்டினீங்க, கோடு போட்ட மாதிரி நேரா இருக்கு. மிஷின் அதே, பசை அதே. மாறுறது அவ மனசுதான்."

"நாளைக்கு மத்தியானம் வரைக்கும் எனக்கு டைம் குடுங்க சார்."

"மத்தியானம். அப்பவும் பதில் இல்லன்னா அவ போறா, தாமோதரன் ஒட்டுறான்."

கூட்டம் முடிந்து வெளியே வந்தால், பஸ் நிற்கிற இடத்தில் இசக்கி பையைக் கட்டிப்பிடித்துக்கொண்டு நின்றாள். சேதி அவளுக்கு ஏற்கெனவே போயிருந்தது. எங்கள் ஆலையில் டேட்டாவைவிட வேகமாகப் போவது அதுதான்.

"என்னைய அனுப்பப் போறாவளாண்ணே?"

"யார்மா சொன்னது? என்னைத்தான் ஒக்கார வெக்கப் போறாங்க. ஒட்டி முடிச்சதும் ரெண்டு பேரும் ஒண்ணா வூட்டுக்குப் போலாம், ஷேர் ஆட்டோல."

"சிரிக்காதியண்ணே. எனக்குக் கை நடுங்கிச்சின்னு சொல்லுதாவ. என் கை அதுல படவே படாதுல்லா? கிரிப்பர்தான பிடிச்சிருக்கு? நான் நடுங்கினா என்ன, ஆடினா என்ன?"

எனக்கு அது உறைத்தது. எனக்கே தெரிந்த விஷயம்தான், பயத்தில் மறந்திருந்தேன். "அது சரி. அப்ப ரெண்டாவது தட்டு மட்டும் எப்பிடிமா வந்துச்சு? அன்னிக்கு இன்னா பண்ண? சாமி கும்பிட்டியா?"

"ஒண்ணும் செய்யலண்ணே. எல்லாத்துக்கும் செய்யது மாதிரித்தான். அன்னைக்கு ஒரு எடத்துலயும் லாஸ் ஏறவே இல்ல. நீங்ககூட இல்லியே, உங்ககிட்ட எப்பிடிக் காட்டுததுக்கு?"

"நான் இல்லியா?"

"புதன்கிழமைல்லா அது. தட்டு வார நேரத்துக்குச் சாப்பாட்டு மணி அடிச்சிட்டு. பத்மநாபன் சாரு ஏதோ போன்ல இருந்தாவ, நீங்க எல்லாரும் பிரியாணிக்கு ஓடிட்டிய. எனக்குக்கூட பீஸு மிச்சம் வைக்கல."

எங்கள் கேன்டீனில் புதன்கிழமைதான் பிரியாணி. அன்று மட்டும் மணி அடித்தால் கிளீன் ரூம் உடையைக் கழற்றுகிற வேகத்தைப் பார்க்க வேண்டும். பூட்ஸ் காலோடு வந்துவிடும். இரண்டாவது தட்டு முடிந்த பிறகுதான் நாங்கள் ஏப்பம் விட்டுக்கொண்டு போய் அவள் முதுகைத் தட்டியிருக்கிறோம்.

மறுநாள் காலை மேடத்தின் மேசை முன்னால் போய் நின்றேன். பயத்தில் வாய் என்னை முந்திக்கொண்டது.

"மேடம், பதில் கிடைச்சிருச்சு. இன்னிக்கும் கேன்டீன்ல பிரியாணி போடச் சொல்லுங்க. பிரியாணி போட்டா லைட்டு வரும்."

சிரிப்பார் என்று பார்த்தேன். அவர் தட்டச்சு செய்துகொண்டிருந்த கையை நிறுத்தினார்.

"திரும்பச் சொல்லுங்க."

"ஜோக்கு மேடம்."

"தெரியும். திரும்பச் சொல்லுங்க. பார்த்ததை மட்டும்."

சொன்னேன். முதல் தட்டுக்குப் போய் நின்றோம், பார்த்தேன். மூன்றாவதுக்கும் போய் நின்றோம், பார்த்தேன். இரண்டாவதுக்கு யாரும் நிற்கவில்லை. அதை நான் பார்க்கவில்லை, ஏனென்றால் நான் கேன்டீன் வரிசையில் முதல் ஆளாக நின்றேன். டம்மி தட்டை வேடிக்கை பார்க்க எவனும் வந்ததே இல்லை.

மேடம் எழுந்துவிட்டார். "உடை மாத்துங்க. உங்களோட சேத்து ஆறு பேரா வாங்க."

இசக்கியை உட்காரவைத்து ஒரு டம்மி தட்டைக் கொடுத்தார். பசை வைக்க வேண்டாம், லாஸை அடியில் நிறுத்திவிட்டு அப்படியே விடச் சொன்னார். எண் அசையாமல் நின்றது. பிறகு எங்களை வழக்கம்போல வந்து நிற்கச் சொன்னார். நின்றோம். கொஞ்ச நேரம் ஒன்றுமில்லை. என் பிரியாணி ஆராய்ச்சி அவ்வளவுதான் என்று நினைத்தபோது எண் ஏற ஆரம்பித்தது. யாரும் எதையும் தொடவில்லை. அது பாட்டுக்கு ஏறியது.

"இப்ப எல்லாரும் வெளிய போங்க."

வெளியே போய் நின்றோம். திரும்பக் கூப்பிட்டபோது எண் பழைய இடத்துக்கு இறங்கியிருந்தது.

மேடம் குனிந்து பின்சுவரின் அடியைப் பார்த்தார். அங்கே தரையோடு ஒட்டி ஒரு நீளமான சல்லடை. கிளீன் ரூமில் காற்று மேலிருந்து கொட்டும், கீழே இந்தச் சல்லடை வழியாகத்தான் இழுக்கப்படும். துடைக்கிற காகிதத்தில் ஒரு கீற்றைக் கிழித்து அதன் மேல் விளிம்பில் ஒட்டினார். காகிதம் உள்பக்கமாகப் படபடத்தது. "நில்லுங்க" என்றார். ஆறு ஜோடி பூட்ஸ் காலும் வந்து சல்லடையை மறைத்தன. காகிதம் தொங்கிப்போனது.

அவ்வளவுதான் விஷயம். அக்கறையோடு வந்து நின்ற நாங்கள் காற்று போகிற வழியை அடைத்துவிட்டு, தலையிலிருந்து கால்வரை மூடிய உடைக்குள்ளிருந்து ஆளாளுக்குச் சூட்டைக் கொடுத்துக்கொண்டிருந்தோம். மேசை கொஞ்சம் சூடானால் கிரிப்பர் கொஞ்சம் நீளும். கொஞ்சம் என்றால் தூசி அகலம்தான். அந்த வேலைக்கு அது போதும். இசக்கி அடிமட்டத்தைப் பிடித்த நொடியிலேயே அது அவள் கையைவிட்டு நகர்ந்துகொண்டிருந்தது. அறையின் வெப்பமானியோ எதிர்ச் சுவரில், எங்கள் யாருடைய சகவாசமும் இல்லாமல் நல்ல பிள்ளையாக நேர்கோடு போட்டுக்கொண்டிருந்தது. "மேசைப் பக்கமும் பாத்திருக்கணும், நான் சுவரை மட்டும் பாத்துட்டேன்" என்று மேடம் தனக்குத்தானே சொல்லிக்கொண்டார்.

பத்மநாபன் சாரிடம் காகிதத்தையும் எண்ணையும் காட்டினார். அவர் இரண்டையும் மாறி மாறிப் பார்த்தார்.

"சரி. அந்தப் பொண்ணே ஒட்டட்டும். மத்தவங்க வெளிய. நான் மட்டும் நிக்கிறேன்."

"நீங்களும் வேண்டாம் சார்."

"நான் ஒருத்தன் நின்னா என்ன ஆயிடும்?"

"தெரியாது சார். ஆறு பேர் நின்னா என்ன ஆகுதுன்னு பாத்தேன். யாரும் இல்லன்னா என்ன ஆகுதுன்னு பாத்தேன். ஒருத்தர் நின்னு பாக்கல."

"சரி, நானும் வெளிய நிக்கிறேன். ஆனா இது போச்சுன்னா வாடிக்கையாளருக்கு பதில் சொல்றது நான் கிரேஸ். இது போச்சுன்னா அவ நாளைக்கு இங்க இல்ல. உங்க காகிதம், காத்து எல்லாம் அப்புறம்."

"சரி சார்."

கடைசித் தட்டு உள்ளே போனது. கிளீன் ரூமில் இசக்கியைத் தவிர யாரும் இல்லை. நாங்கள் உடை மாற்றும் அறையில் நின்றோம். அங்கிருந்து ஒரு சின்னக் கண்ணாடி ஜன்னல் வழியாக அவள் முதுகு மட்டும் தெரியும், திரை தெரியாது. இரண்டு பக்கமும் பேசுகிற ஸ்பீக்கர் ஒன்று சுவரில் உண்டு. மேடம் அதன் பக்கத்தில் கையைக் கட்டிக்கொண்டு நின்றார்.

வெள்ளை உடை போட்ட ஒரு முதுகிலிருந்து எவ்வளவு கற்பனை செய்ய முடியும் என்று அன்றுதான் தெரிந்துகொண்டேன். தோள் கொஞ்சம் உயர்ந்தால் லாஸ் ஏறிவிட்டது. தலை சாய்ந்தால் அழுகிறாள். அசையாமல் இருந்தால் மயங்கிவிட்டாள். என் கண்ணாடியில் ஆவி படிந்துவிட்டது. துடைத்தேன், மறுபடி படிந்தது. பக்கத்தில் இருந்தவனிடம் மூன்று ஜோக் சொன்னேன். மூன்றும் ஒரே ஜோக் என்று அவன் பிற்பாடு சொன்னான்.

பத்மநாபன் சார் ஜன்னலில் பார்த்தார். கடிகாரத்தைப் பார்த்தார். மறுபடி ஜன்னல். அவர் கையிலிருந்த போன் ஒளிர்ந்து அணைந்தது. வாடிக்கையாளர். சட்டென்று ஹூடை இழுத்து மாட்டிக்கொண்டார்.

"ஓரமா நின்னுக்கிறேன். சுவத்துப் பக்கம் போக மாட்டேன்."

மேடம் "சார்" என்பதற்குள் அவர் ஏர் ஷவர் கதவைத் திறந்து உள்ளே நுழைந்துவிட்டார்.

ஏர் ஷவர் என்பது கிளீன் ரூமுக்கு முன்னால் இருக்கிற சின்ன அறை. காற்றடித்து உடம்பின் தூசியைத் தட்டிவிடும். அதற்கு இரண்டு கதவு. வெளிக்கதவு மூடினால்தான் உள்கதவு திறக்கும். வெளிக்கதவு ஒரு விரற்கடை திறந்திருந்தாலும் உள்கதவு அசையாது. 'பீப் பீப்' என்று கத்தும்.

எனக்கு அந்த நேரத்தில் திட்டம் ஏதும் இல்லை. மூளை காலியாக இருந்தது. கால்தான் போனது. மூடிக்கொண்டிருந்த வெளிக்கதவின் இடுக்கில் என் வலது பூட்ஸ் போய் உட்கார்ந்தது.

பீப். பீப். பீப்.

"தாமோதரன், கதவை விடு."

"சார், பூட்ஸ் கவர் மாட்டிக்கிச்சு சார்."

"இழுய்யா."

"இழுக்கறேன் சார். இழுத்தா உள்ள போவுது சார்."

"காலை எடுய்யா, ரேடியோ!"

"என் கால்தான் சார், எனக்கு இல்லாத அக்கறையா? லெதர் வேற சார், என் மச்சான் கல்யாணத்துக்கு வாங்கினது..." கிளீன் ரூமுக்குள் லெதர் பூட்ஸ் போட முடியாது என்பது ஆலையில் எல்லோருக்கும் தெரியும். பத்மநாபன் சாருக்கும் தெரியும். ஹூடின் இடுக்கு வழியாக அவர் கண் என்னைப் பார்த்தது. வேலை போயிற்று என்று அந்தக் கண்ணிலேயே படித்துவிட்டேன். வெள்ளெழுத்துக் கண்ணாடியே தேவைப்படவில்லை. உடம்பு முழுக்க ஓடப் பார்த்தது. அதிசயமாக, கதவில் மாட்டியிருந்த பாதம் மட்டும் அசையவில்லை. இடமில்லை, அதனால் இருக்கும்.

மேடம் என் காலைப் பார்த்தார். என்னைப் பார்த்தார். பிறகு ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். கதவைப் பற்றி ஒரு வார்த்தை சொல்லவில்லை.

ஜன்னலில் ஊதா வெளிச்சம் தெரிந்தது. விளக்கைப் போட்டுவிட்டாள். பத்மநாபன் சார்கூட உள்கதவின் பிடியில் கை வைத்தபடி அப்படியே நின்றுவிட்டார். வெளிச்சம் அணைந்தது. அவள் முதுகு அசையவில்லை. நெடுநேரம் அசையவில்லை. என் வாயில் ஒரு ஜோக்கும் இல்லை.

ஸ்பீக்கர் கரகரத்தது.

"மேடம். லாஸ் ஏறல."

மேடத்தின் குரல் எப்போதும்போலவே இருந்தது. "பாத்தியா, நினைச்சியா?"

"பாத்தேன் மேடம். வெளக்கு எரியும்போதும் பாத்தேன், அணைஞ்ச பொறவும் பாத்தேன். இன்னும் பாத்துக்கிட்டுத்தான் இருக்கேன்." ஒரு மூச்சு விட்டாள். "அங்க என்ன பீப் பீப்ங்கு? யாரும் உள்ள வந்துராதிய, புண்ணியமாப் போவும்!"

காலை எடுத்தேன். எடுத்த பிறகுதான் வலி தெரிந்தது. கதவு மூடியது, உள்கதவின் பூட்டு 'டக்' என்று விட்டது. பத்மநாபன் சார் இப்போது தாராளமாக உள்ளே போயிருக்கலாம். போகவில்லை. திரும்பி வெளிக்கதவு வழியாகவே வந்தார், என்னைத் தாண்டி நடந்து போய்விட்டார்.

மெமோ அடிக்கத்தான் போகிறார் என்று நான் பெஞ்சில் உட்கார்ந்து விரல்களை எண்ணிக்கொண்டிருந்தேன். கால் விரல்களைத்தான்; எல்லாம் இருந்தன. ஆறிய தட்டு சோதனைக்குப் போய்த் தேறி வந்தது. இசக்கி வெளியே வந்து ஹூடைக் கழற்றிவிட்டு, "காலக் காட்டுங்கண்ணே" என்றாள். "இன்னிக்கு என்ன கெழம, பிரியாணி உண்டா?" என்றும் கேட்டாள். புதன் இல்லை. தயிர் சாதம்தான்.

பத்மநாபன் சார் திரும்பி வந்தபோது கையில் மெமோ இல்லை. தரையில் ஒட்டுகிற மஞ்சள் டேப் சுருள் இருந்தது. உடை போட்டுக்கொண்டு என்னையும் கூப்பிட்டார். கிளீன் ரூமில் அந்த மேசைக்குப் போனோம். ஆளைக் கூப்பிட்டு ஒட்டச் சொல்லலாம், அவர் சொல்லவில்லை. அவரே முட்டி போட்டார். மேசையைச் சுற்றி, சல்லடையும் உள்ளே அடங்குகிற மாதிரி, ஒரு கோடு இழுக்க ஆரம்பித்தார்.

"இனிமே எல்லாரும் இதுக்கு வெளியதான். நான் வந்தாலும்." நிமிரவில்லை. "லெதர் பூட்ஸா, ரேடியோ?"

"பயத்துல வந்துச்சு சார்."

"எனக்கும்தான்யா" என்றார்.

இப்போது அந்த லைன் முழுவதும் இசக்கியின் பொறுப்பில் இருக்கிறது. கோட்டை உரிப்பதா வேண்டாமா என்று அவளைக் கேளுங்கள். ஆனால் ஒரு பக்கம் ஏன் கோணல் என்பதற்கு மட்டும் நான் பதில் சொல்லிவிடுகிறேன். சல்லடைப் பக்கமாக டேப்பை இழுத்து ஒட்டும்போது பத்மநாபன் சாருக்குக் கை நடுங்கியது.

பார்த்தேன்.